ஃபெர்னாந்தோ ஃபெர்னான் கோமெஸ்: நடிகர், இயக்குநர், எழுத்தாளர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த ஃபெர்னான் கோமெஸ்? ஒரே மூச்சில் சொல்ல முடியுமா?

1943-இல் சினிமாவுக்கு வந்து, ஏறத்தாழ இருநூறு படங்களில் நடித்து, முப்பது படங்கள் வரை இயக்கி, நாடகம், நாவல், திரைக்கதை, கட்டுரை, கவிதை, தன்வரலாறு எல்லாம் எழுதி, 2007-இல் மாட்ரிட்டில் 86 வயதில் இறந்துபோன ஸ்பானியக் கலைஞர். ஸ்பெயினில் நடிகராக அவரைத் தெரியாதவர்கள் குறைவு. எழுத்தாளராகத் தெரிந்தவர்களும் ஏராளம். ஸ்பெயினுக்கு வெளியே மட்டும்தான் அவர் பெயர் இன்னும் போதுமான அளவு போய்ச் சேரவில்லை. பெட்ரோ அல்மோதோவாரைத் தெரிந்த நம் திரைப்பட ரசிகர்களில் பலர், இவரை அல்மோதோவார் படத்திலேயே பார்த்திருந்தும் பெயரைக் கவனித்திருக்க மாட்டார்கள். இந்தப் பக்கம் அவர்களுக்காகத்தான்.

அவர் பெருவில் பிறந்தவர் என்கிறார்களே?

ஆமாம். 1921 ஆகஸ்ட் 28-ஆம் தேதி, பெருவின் தலைநகர் லிமாவில். அவருடைய அம்மா கரோலா ஃபெர்னான் கோமெஸ் ஒரு நாடக நடிகை. தென் அமெரிக்காவில் ஊர் ஊராகப் போய் நாடகம் போட்டுக்கொண்டிருந்த குழுவில் இருந்தபோது பிள்ளை பிறந்தது. பிறப்பைப் பதிவு செய்தது பியூனஸ் அயர்ஸில். அதனால் பல காலம் அவர் கையில் இருந்தது அர்ஜென்டினக் குடியுரிமை. ஸ்பானியக் குடியுரிமை 1984-இல்தான் கிடைத்தது. அதற்குள் அவர் நாற்பது வருடங்களாக ஸ்பானியத் திரையில் இருந்துவிட்டார்.

அப்பாவின் கதை இன்னும் சிக்கலானது. ஃபெர்னாந்தோ தியாஸ் தெ மெந்தோசா என்ற நடிகர்தான் தந்தை. அவருடைய தாயார் மரியா கெர்ரெரோ, அந்தக் காலத்து ஸ்பானிய நாடக உலகின் மகாராணி. மாட்ரிட்டில் இன்றும் அந்த அம்மையாரின் பெயரில் ஒரு நாடக அரங்கம் இருக்கிறது. மகன் ஒரு சாதாரண நடிகையைக் கல்யாணம் செய்துகொள்வதை மரியா கெர்ரெரோ ஏற்கவில்லை. தந்தையும் பிள்ளையைச் சட்டப்படி தன்னுடையவன் என்று ஒப்புக்கொள்ளவில்லை. ஆக, பெரிய நாடகப் பரம்பரையின் ரத்தம் உடம்பில் ஓடியது, அந்த வீட்டுக் கதவு மட்டும் திறக்கவில்லை. பையனை மாட்ரிட்டில் வளர்த்தது அம்மாவைப் பெற்ற பாட்டி. அம்மா வேலைக்காக ஊர் சுற்றிக்கொண்டிருந்தார்.

இந்தக் குடும்பக் கதையை இவ்வளவு விரிவாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அவருடைய எழுத்திலும் இயக்கத்திலும் மையத்தில் நிற்பவர்கள் பெரிய மேடை கிடைக்காத மனிதர்கள். வாடகை கட்ட முடியாத கணவன் மனைவி, லாட்டரி மாதிரியான சூதாட்டத்தில் விழுந்த ஹோட்டல் சிப்பந்தி, ராத்திரி தங்க இடம் தேடும் நாடகக்காரர்கள். இவர்களை அவர் மேலே நின்று பார்த்து எழுதவில்லை. கூடவே உட்கார்ந்து சாப்பிட்டவரின் பார்வை அது.

நடிப்பை எங்கே கற்றார்?

உள்நாட்டுப் போரின் நடுவில். 1936-இல் போர் தொடங்கும்போது அவருக்குப் பதினைந்து வயதுகூட முடியவில்லை. முற்றுகையில் இருந்த மாட்ரிட்டில், சி.என்.டி. என்ற அராஜகவாதத் (அரசு என்ற அமைப்பே வேண்டாம் என்னும் கொள்கை) தொழிற்சங்கம் நடத்திய நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். 1938-இல் தொழில்முறை நடிகராக மேடையேறினார். ஊரின் மேல் குண்டு விழுந்துகொண்டிருந்த அந்த நாட்களிலும் மாட்ரிட்டில் நாடகங்கள் நடந்தன என்பது கேட்பவர்களுக்கு ஆச்சரியமாக இருக்கும். நடந்தன, கூட்டமும் வந்தது.

போர் முடிந்து சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி வந்தபின் அவருக்கு வழி திறந்துவிட்டவர் என்ரிக்கே ஹார்தியெல் பொன்செலா என்ற நகைச்சுவை நாடகாசிரியர். ஒல்லியான நெட்டை உடம்பு, சிவந்த தலைமுடி, பெரிய மூக்கு. கதாநாயகன் முகம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஹார்தியெல் அந்த முகத்தில் இருந்த சிரிப்பைக் கண்டுபிடித்துத் தன் நாடகங்களில் வேடம் கொடுத்தார். அந்தக் கடனை ஃபெர்னான் கோமெஸ் கடைசிவரை மறக்கவில்லை.

ஆரம்பகாலப் படங்கள் எப்படிப்பட்டவை?

நேர்மையாகச் சொன்னால், நிறையப் படங்கள் சம்பளத்துக்காக நடித்தவை. 1943-இல் "கிறிஸ்தீனா குஸ்மான்" முதல் படம். 1948-இல் கடற்படை மாணவர்களைப் பற்றிய "போத்தோன் தெ ஆங்க்லா" பெரிய வெற்றி. 1951-இல் "பலர்ராசா" அதைவிடப் பெரிய வெற்றி. அதில் அவர் தறுதலையாகத் திரிந்து பிறகு பாதிரியாராகும் ராணுவ வீரர். பிராங்கோ ஆட்சி விரும்பிய வகையான கதை. அராஜகவாதிகளின் பள்ளியில் படித்தவர், ஆட்சிக்குப் பிடித்த மதப் படத்தில் நட்சத்திரமானார். அந்தக் காலத்தில் நடித்துப் பிழைக்க வேண்டுமானால் இதுதான் நிலைமை.

ஆனால் அதே வருடங்களில் நல்ல படங்களும் உண்டு. எட்கர் நெவில் இயக்கிய "கடைசிக் குதிரை" (1950), பார்தெமும் பெர்லங்காவும் சேர்ந்து எடுத்த முதல் படமான "அந்த மகிழ்ச்சியான ஜோடி" இரண்டையும் தேடிப் பாருங்கள். குதிரைப் படத்தில் ராணுவம் தன் குதிரைகளை விற்றுவிட்டு மோட்டார் வண்டிக்கு மாறுகிறது. வேலை முடிந்து வெளியே வரும் சிப்பாய் தன் குதிரையைத் தானே வாங்கிக்கொண்டு மாட்ரிட்டுக்கு வந்துவிடுகிறான். கார்கள் நிறைந்த நகரத்தில் குதிரையை எங்கே கட்டுவது? அந்தக் கேள்வியை முகத்தில் சுமந்துகொண்டு தெருத்தெருவாக அலையும் ஃபெர்னான் கோமெஸைப் பார்த்தால், இவர் வெறும் சிரிப்பு நடிகர் இல்லை என்பது புரிந்துவிடும்.

சினிமாவில் சம்பாதித்த பணத்தில் அவர் செய்த ஒரு காரியமும் இங்கே சொல்லப்பட வேண்டியது. மாட்ரிட்டில் எழுத்தாளர்களும் நடிகர்களும் கூடிப் பேசும் இடம் காஃபே ஹிஹோன். அங்கே தினமும் உட்காரும் கூட்டத்தில் இவரும் ஒருவர். 1949-இல் அந்தக் காப்பிக் கடையின் பெயரிலேயே குறுநாவல்களுக்கு ஒரு பரிசை ஏற்படுத்தினார். சில வருடங்களில் அந்தப் பரிசைப் பெற்றவர்களில் ஒருவர் கார்மென் மார்த்தின் கைத்தே, பின்னாளில் ஸ்பெயினின் முக்கியமான நாவலாசிரியர்.

நன்றாக ஓடிக்கொண்டிருந்த நடிகர் ஏன் இயக்கப் போனார்?

எழுதுகிற ஆசை முன்பே இருந்தது. 1940களிலேயே நாடகம் எழுதிப் பார்த்தார். 1950களின் நடுவில் படம் இயக்கத் தொடங்கினார். முதல் சில முயற்சிகள் பெரிதாகப் பேசப்படவில்லை. 1958-இல் வந்த "லா வீதா போர் தெலாந்தே" (வாழ்க்கை முன்னே இருக்கிறது) தான் அவரை இயக்குநராக நிறுத்தியது. இளம் வக்கீலும் அவருடைய மனைவியும் வீடு தேடி, வேலை தேடி அல்லாடும் கதை. மனைவியாக வருபவர் அனாலியா கதே.

கதாநாயகன் நடுநடுவே நேராகக் கேமராவைப் பார்த்து நம்மிடம் பேசுகிறான். அப்புறம் ஒரு சாலை விபத்து பற்றிய விசாரணை. ஒவ்வொருவரும் தான் பார்த்ததைச் சொல்ல, ஒவ்வொரு தடவையும் விபத்து வேறு மாதிரி காட்டப்படுகிறது. ஒரு சாட்சி திக்குவாயர், பெப்பே இஸ்பெர்த் என்ற அற்புதமான கிழ நடிகர். அவர் திக்கும்போது திரையில் ஓடும் படமும் திக்குகிறது, ஒரே காட்சி முன்னும் பின்னும் இழுபடுகிறது. 1958-இல், அதுவும் பிராங்கோவின் ஸ்பெயினில், வணிகப் படம் ஒன்றில் இதைச் செய்திருக்கிறார். புதுமை என்று யாரும் மேடை போட்டுச் சொல்லவில்லை. மக்கள் சிரித்தார்கள், படம் ஓடியது.

தணிக்கையால் அவர் படங்கள் முடங்கின என்பது எந்த அளவு உண்மை?

முழு உண்மை. அவர் இயக்கியவற்றில் மிகச் சிறந்த இரண்டு படங்களுக்கு நேர்ந்த கதி அதுதான்.

முதலாவது "எல் முந்தோ சீகே" (உலகம் தொடர்கிறது), 1963. ஹுவான் அந்தோனியோ தெ சுன்சுனெகி எழுதிய நாவலிலிருந்து எடுத்தது. மாட்ரிட்டின் ஏழைப் பேட்டை ஒன்றில் ஒரு குடும்பம். இரண்டு சகோதரிகள், பார்த்தால் அடித்துக்கொள்ளும் அளவுக்குப் பகை. அக்கா எலோயிசா ஒரு காலத்தில் பேட்டையின் அழகுராணி, இப்போது கைக்குழந்தைகளோடு வறுமையில். தங்கை லூயிசிதா பணக்கார ஆண்களைப் பிடித்து மேலே ஏறுகிறாள். அக்காவின் கணவனாக, கால்பந்துப் பந்தயச் சீட்டில் காசை அழிக்கும் சிப்பந்தியாக, ஃபெர்னான் கோமெஸே வருகிறார். தன்னைக் கொஞ்சம்கூட அழகுபடுத்திக்கொள்ளவில்லை. அந்தப் பாத்திரத்தின் மேல் நமக்கு இரக்கம் வரும் நொடியில் ஒரு கேவலமான காரியம் செய்வான். வெறுக்கத் தொடங்கும்போது அவன் முகத்தைப் பார்த்துப் பாவமாகிவிடும்.

வயதான அம்மா கடைச் சாமான்களைத் தூக்கிக்கொண்டு கூட்டமான தெருவைக் கடந்து, வீட்டு மாடிப்படிகளில் மூச்சு வாங்க ஏறுகிறார். படத்தின் தொடக்கத்தில் வரும் அந்த ஏற்றத்தைச் சுருக்காமல் காட்டுகிறார். அந்தக் குடும்பம் எவ்வளவு களைத்துப்போயிருக்கிறது என்பது ஒரு வார்த்தையும் இல்லாமல் தெரிந்துவிடுகிறது.

நாடு முன்னேறுகிறது, எல்லோரும் மகிழ்ச்சியாக இருக்கிறார்கள் என்று ஆட்சி சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. இப்படி ஒரு படம் வெளியே வந்தால் எப்படி விடுவார்கள்? 1965-இல் பில்பாவோவில் ஒப்புக்கு வெளியிட்டார்கள், அதோடு சரி. ஸ்பெயின் திரையரங்குகளில் அது முறையாக மறுபடி வந்தது 2015-இல். இயக்குநர் இறந்து எட்டு வருடங்களுக்குப் பிறகு. பார்த்தவர்கள் அசந்துபோனார்கள். எனக்கு அந்த வரவேற்பைப் படிக்கப் படிக்கச் சந்தோஷமாகவும் இருந்தது, மனசு பொறுக்கவும் இல்லை. அவர் உயிரோடு இருக்கும்போது அந்தக் கைதட்டல் கேட்டிருக்க வேண்டும்.

இரண்டாவது படம்?

"எல் எஸ்த்ரான்யோ வியாஹே" (விசித்திரப் பயணம்), 1964. முர்சியா பகுதியில் உள்ள மசர்ரோன் கடற்கரையில் 1950களில் நடந்த ஒரு மர்ம மரணத்தை வைத்து இயக்குநர் பெர்லங்கா சொன்ன யோசனை, பெத்ரோ பெல்த்ரான் அதைத் திரைக்கதையாக்கினார். "மசர்ரோன் குற்றம்" என்று பெயர் வைக்க விடவில்லை, சுற்றுலா வளர்ந்துகொண்டிருந்த ஊரின் பெயர் கெட்டுவிடும் என்று.

கதை நடப்பது ஒரு கிராமத்தில். அதிகாரம் செய்யும் மூத்த சகோதரி, அவளுக்குப் பயந்து வீட்டுக்குள்ளேயே வாழும் நடுத்தர வயதுத் தம்பி தங்கை. அந்தத் தங்கையாக ரஃபாயேலா அப்பாரிசியோ, தம்பியாக வேறு வகைப் படங்களுக்குப் பேர்போன இயக்குநர் ஹெசூஸ் ஃபிராங்கோ. இரண்டு குண்டுக் குழந்தைகள் மாதிரி இருட்டில் கையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். முதலில் சிரிப்பு வரும், அப்புறம் உள்ளே ஒரு பயம் இறங்கும். ஊர்ப் பொம்பளைகளின் வம்பு, சனி ஞாயிறு நடனம், கடையில் தொங்கும் உள்ளாடையைப் பார்த்து ஊரே பேசுவது என்று ஒரு கிராமத்தின் அடக்கிவைத்த ஆசை முழுவதும் அதில் இருக்கிறது. படம் மாட்ரிட்டில் வெளியானது 1969-இல், இரட்டைக் காட்சியில் இன்னொரு படத்தோடு ஒட்டாக. இன்று ஸ்பானிய விமர்சகர்கள் போடும் தலைசிறந்த படங்களின் பட்டியல்களில் இது தவறாமல் இடம்பெறுகிறது.

இதற்குப் பிறகு என்ன செய்தார்? சோர்ந்துவிடவில்லையா?

பிழைப்பு நடக்க வேண்டுமே. 1960களின் மீதி வருடங்களில் லேசான நகைச்சுவைப் படங்களை இயக்கினார், நடித்தார். 1970களில் புதிய தலைமுறை இயக்குநர்கள் அவரைத் தேடி வந்தார்கள். நடிகராக அவருக்கு அது இரண்டாவது பிறப்பு.

விக்தோர் எரிசேயின் "தேன்கூட்டின் ஆவி" (1973) உலக சினிமா பார்ப்பவர்களுக்குத் தெரிந்த படம். போர் முடிந்த கையோடு, 1940-இல், காஸ்தீயப் பகுதிக் கிராமம் ஒன்றில் இரண்டு சிறுமிகள். தேனீ வளர்க்கும் அவர்களுடைய அப்பாவாக ஃபெர்னான் கோமெஸ். அப்பாவின் பெயரும் ஃபெர்னாந்தோதான். குட்டி நடிகை ஆனா தொர்ரெந்துக்குக் குழப்பம் வரக் கூடாது என்று பாத்திரங்களுக்கு நடிகர்களின் சொந்தப் பெயரையே வைத்துவிட்டார் எரிசே. வசனம் சொற்பம். ராத்திரி விளக்கில் உட்கார்ந்து தேனீக்களைப் பற்றி எழுதுவார், எழுதியதை அடிப்பார். குரலுக்காகவே கொண்டாடப்பட்ட நடிகர், அந்தக் குரலை ஏறக்குறைய மூடி வைத்துவிட்டு நடித்த படம்.

1976-இல் "எல் அனகொரேத்தா". உலகத்தை வெறுத்துத் தன் வீட்டுக் குளியலறையிலேயே வருடக்கணக்கில் குடியிருக்கும் மனிதன், ஆஸ்பிரின் குழாய்க்குள் சீட்டு எழுதிப் போட்டுக் கழிப்பறை வழியாக வெளியே அனுப்புகிறான். ஒரு நாள் அதில் ஒன்று ஒரு பெண் கையில் கிடைக்கிறது. கதை எழுதியவர்களில் ஒருவர் ரஃபாயேல் அஸ்கோனா. இதற்காக 1977-இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. 1985-இல் "ஸ்தீகோ" படத்துக்கு அதே விருது மறுபடியும். இயக்குநர் கார்லோஸ் சௌராவோடும் இந்தக் காலத்தில் வேலை செய்தார்.

சரி, எழுத்தாளர் என்கிறீர்களே, அவருடைய முக்கியமான எழுத்து எது?

சந்தேகமே இல்லாமல் "சைக்கிள்கள் கோடைக்காலத்துக்கானவை" என்ற நாடகம். பிராங்கோ 1975 நவம்பரில் இறந்தார். அதற்குப் பிறகுதான் போரைப் பற்றி ஸ்பெயினில் வாய் திறந்து பேச முடிந்தது. ஃபெர்னான் கோமெஸ் இந்த நாடகத்தை எழுதினார், நாடகங்களுக்கான லோபெ தெ வேகா பரிசு கிடைத்தது. பரிசு கிடைத்தும் சில வருடங்கள் கழித்து, 1982-இல்தான் மாட்ரிட்டின் தியாத்ரோ எஸ்பான்யோலில் அரங்கேறியது. இயக்கியவர் ஹோசே கார்லோஸ் பிளாசா. மக்கள் திரண்டு வந்தார்கள். 1984-இல் ஹைமே சாவர்ரி அதைப் படமாக்கினார்.

1936 கோடை. லூயிஸ் என்ற பையனுக்குச் சைக்கிள் வேண்டும். கோடை விடுமுறையில் நண்பர்களோடும் ஒரு பெண்ணோடும் சுற்ற வேண்டும். பாடம் ஒன்றில் தோற்றுவிட்டான். கொஞ்சம் பொறு என்கிறார் அப்பா. போர் வெடிக்கிறது. இன்னும் கொஞ்ச நாள் பொறு, இதெல்லாம் சீக்கிரம் முடிந்துவிடும். மூன்று வருடம் ஓடுகிறது. நாடகத்தில் போர்க்களமே இல்லை. ஒரு மாட்ரிட் அடுக்குமாடி வீடு, பக்கத்து வீட்டுக்காரர்கள், வேலைக்காரி, ரேடியோ, குண்டு விழும்போது எல்லோரும் இறங்கி ஒளியும் நிலவறை.

ஒரு காட்சியை மட்டும் சொல்கிறேன். பஞ்சம் முற்றிவிட்டது, தினமும் மைசூர்ப்பருப்பு மாதிரியான பயறுதான் சாப்பாடு. சட்டியில் போட்ட அளவுக்கும் பரிமாறும் அளவுக்கும் கணக்கு உதைக்கிறது. யாரோ எடுக்கிறார்கள். குடும்பம் உட்கார்ந்து இதைப் பேசுகிறது. மகள் மனோலிதா அழுதுகொண்டே ஒப்புக்கொள்கிறாள், அவளுக்குப் பால் குடிக்கும் குழந்தை இருக்கிறது, சமையலறைப் பக்கம் போகும்போது ஒரு கரண்டி எடுத்தேன் என்று. பையனும் எடுத்திருக்கிறான், ஒரு கரண்டி. அப்பாவும். அம்மாவும். ஒருவருக்கு ஒருவர் தெரியாமல் எல்லோரும் ஒரே ஒரு கரண்டி எடுத்திருக்கிறார்கள். யாரையும் திட்ட முடியாது. சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வரும். பசி ஒரு நல்ல குடும்பத்தை என்ன செய்கிறது என்று இதைவிடச் சின்னதாக, இதைவிடச் சரியாக ஒருவர் எழுதிவிட முடியுமா என்று எனக்குத் தெரியவில்லை.

கடைசிக் காட்சியில், போர் முடிந்தபின், அப்பாவும் மகனும் காலி மைதானத்தில் நடக்கிறார்கள். முதல் காட்சியில் பையன்கள் விளையாட்டாகப் போர் பேசிய அதே இடம், இப்போது பதுங்குகுழிகள். அமைதி வந்துவிட்டது என்று பையன் நினைக்கிறான். வந்திருப்பது அமைதி இல்லை, வெற்றி என்கிறார் அப்பா. தோற்றவர்கள் பக்கம் நின்றவர் என்பதால் அவரைப் பிடித்துப் போகலாம். பையன் படிப்பை விட்டு எடுபிடி வேலைக்குப் போக வேண்டியிருக்கும். அந்த வேலைக்கு ஒரு சைக்கிள் தேவைப்படும்.

போர் தொடங்கியபோது லூயிஸின் வயதுதான் ஃபெர்னான் கோமெஸுக்கும். இதற்கு மேல் அதைப் பற்றி விளக்க வேண்டியதில்லை.

"எங்கும் போகாத பயணம்" நாவலா, படமா?

முதலில் வானொலித் தொடர். பிறகு 1985-இல் நாவல். 1986-இல் அவரே எழுதி இயக்கி நடித்த படம், "எல் வியாஹே ஆ நிங்குனா பார்த்தே". அவருடைய சொந்தக் கூட்டத்தாரைப் பற்றிய கதை இது.

போருக்குப் பிந்தைய வருடங்களில் காஸ்தீய, லா மாஞ்சா கிராமங்களில் மூட்டை முடிச்சோடு அலையும் ஒரு சின்ன நாடகக் குழு. குடும்பமே குழு, குழுவே குடும்பம். காப்பிக் கடையிலோ கிராமத்துக் கூடத்திலோ நாடகம் போட்டு அன்றன்றைக்குச் சாப்பிடுகிறார்கள். அவர்களுடைய வயிற்றில் அடிப்பது சினிமா. படப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போகும் டூரிங் சினிமாக்காரர் ஒருவர் இவர்கள் போகும் ஊர்களுக்கெல்லாம் வந்துவிடுகிறார். ஊர்க்காரர்களுக்கு நாடகம் வேண்டாம், படம் போதும்.

குழுத் தலைவர் கிழவர் தோன் அர்த்தூரோவாக ஃபெர்னான் கோமெஸ். ஒரு சமயம் அந்தப் பக்கம் படப்பிடிப்பு நடக்கிறது, கிழவருக்கு ஒரு சின்ன வேடம் கிடைக்கிறது. மேடையில் வாழ்ந்தவர், குரலை ஏற்றி இறக்கி நெஞ்சை நிமிர்த்திப் பேசுகிறார். இயல்பாகச் சொல்லுங்கள் என்கிறார் இயக்குநர். மறுபடி அதே ராகம். எத்தனை தடவை எடுத்தாலும் வேறு மாதிரி வரவில்லை, அவருக்குத் தெரிந்த இயல்பு அதுதான். கேமரா முன்னால் நாற்பது வருடங்களுக்கு மேல் இயல்பாக நடித்த ஒருவர், இயல்பாக நடிக்கத் தெரியாத கிழ நடிகராக நடிக்கிறார். கேலி கொஞ்சமும் இல்லை. அந்தக் கிழவரின் மானம் அந்த இடத்தில் எப்படி உடைகிறது என்பதை அவர் அறிந்த அளவுக்கு வேறு யாரும் அறிந்திருக்க முடியாது. அவருடைய நடிப்பில் எனக்கு மிகவும் பிடித்த சில நிமிடங்கள் இவை.

கதையைச் சொல்பவர் மகன் கார்லோஸ், பின்னாளில் முதியோர் இல்லத்தில் இருந்துகொண்டு. ஹோசே சாக்ரிஸ்தான் நடித்திருக்கிறார். அவர் சொல்லும் நினைவுகளில் எது நடந்தது, எது ஆசைப்பட்டது என்று போகப் போகச் சந்தேகம் வருகிறது. படத்தின் முடிச்சே அதில் இருப்பதால் மீதியைச் சொல்லாமல் விடுகிறேன்.

விருதுகள்?

ஸ்பெயினின் திரைப்பட விருதுகளான கோயா விருதுகள் தொடங்கிய முதல் ஆண்டிலேயே, 1987-இல், சிறந்த நடிகர் (வேறொரு படமான "மம்ப்ரூ போருக்குப் போனான்"), சிறந்த இயக்குநர், சிறந்த திரைக்கதை மூன்றும் அவருக்கே. சிறந்த படமும் "எங்கும் போகாத பயணம்" தான். மறுபடி 1990களில் நடிப்புக்காகவும், 2001-இல் "லாசரோ தெ தோர்மெஸ்" திரைக்கதைக்காகவும் கோயா பெற்றார். 1985-இல் தேசிய நாடகப் பரிசு, 1995-இல் கலைகளுக்கான அஸ்தூரியாஸ் இளவரசர் விருது, 2005-இல் பெர்லினில் வாழ்நாள் சாதனைக்கான தங்கக் கரடி.

ஸ்பானிய மொழி அகாடெமியில் ஒரு நடிகருக்கு இடமா?

1998-இல் ஸ்பானிய அரச மொழி அகாடெமி அவரை உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது. 2000 ஜனவரியில் பொறுப்பேற்றார். மொழியறிஞர்களும் நாவலாசிரியர்களும் உட்காரும் இடம் அது. பள்ளிப் படிப்புக்கு மேல் பெரிதாகப் போகாமல், பிறர் எழுதிய வசனத்தைப் பேசியே மொழியைக் கற்ற ஒருவர் அங்கே போய் உட்கார்ந்தது நியாயமான காரியம். 1990-இல் வந்த "மஞ்சள் காலம்" என்ற அவருடைய தன்வரலாற்றில் எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் அந்தத் தகுதி தெரியும். அந்தத் தலைப்பு கவிஞர் மிகெல் எர்னாந்தெஸின் வரியிலிருந்து எடுத்தது.

வயதானபின் நடித்த படங்களில் எவை முக்கியம்?

நம் ஊர் ரசிகர்கள் பெரும்பாலும் அவரைப் பார்த்திருப்பது இந்தக் கட்டத்தில்தான். ஃபெர்னாந்தோ த்ருயேபாவின் "பெல் எபோக்" (1992) சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. அதில் நான்கு பெண்களைப் பெற்ற கிழ ஓவியர். ஹோசே லூயிஸ் கார்சியின் "தாத்தா" (1998), கால்தோஸ் என்ற எழுத்தாளரின் நாவலிலிருந்து. இரண்டு பேத்திகளில் யார் தன் ரத்தம் என்று கண்டுபிடிக்க வரும் நொடிந்துபோன பிரபு. குடும்பத்து ரத்தம் பற்றிய அந்தக் கதையில் அவர் நடிக்கும்போது, அங்கீகரிக்கப்படாத பேரனாக அவர் வளர்ந்த கதை எனக்கு நினைவுக்கு வராமல் இருக்காது.

அல்மோதோவாரின் "என் தாயைப் பற்றி எல்லாம்" (1999) படத்தில் சில நிமிடங்கள்தான். பெனலோப்பே குரூஸின் அப்பா, நினைவு தவறிப்போனவர். தெருவில் எதிரே வரும் சொந்த மகளைத் தெரியவில்லை, உன் வயது என்ன, உயரம் என்ன என்று கேட்கிறார். நாய்க்கு மட்டும் அவளைத் தெரிகிறது.

அதே ஆண்டு ஹோசே லூயிஸ் குவெர்தாவின் "பட்டாம்பூச்சிகளின் நாக்கு". மனுவேல் ரிவாஸ் கதை. 1936, கலீசியாவில் ஒரு சிற்றூர். பள்ளிக்குப் போகப் பயப்படும் சிறுவன் மொஞ்சோ, பிள்ளைகளை அடிக்காத கிழ வாத்தியார் தோன் கிரெகோரியோ. வாத்தியார் பையனைக் காட்டுக்குக் கூட்டிப்போய்ப் பூச்சிகளைக் காட்டுகிறார், பட்டாம்பூச்சியின் நாக்கு சுருண்டிருக்கும் என்று சொல்லிக் கொடுக்கிறார். போர் தொடங்கிய உடனே அவரைக் கைது செய்து லாரியில் ஏற்றுகிறார்கள். தங்கள் உயிருக்குப் பயந்து ஊர்க்காரர்கள் கூச்சல் போட, பையனும் அம்மாவின் தூண்டுதலில் கத்துகிறான், கல்லெறிகிறான். வசவுகள் தீர்ந்துபோனபின் அவன் வாயிலிருந்து வருவது வாத்தியார் கற்றுக்கொடுத்த பூச்சி, பறவைச் சொற்கள். அப்போது லாரியில் நிற்கும் அந்த முகத்தை என்னால் ஒரு தடவைக்கு மேல் நிதானமாகப் பார்க்க முடிந்ததில்லை.

பெரிய கோபக்காரர் என்கிறார்களே?

தன்னிடம் வந்த ஒரு ரசிகரை அவர் கெட்ட வார்த்தையால் திட்டி விரட்டும் காணொளி ஸ்பெயினில் மிகப் பிரபலம். பலருக்கு அவரைப் பற்றித் தெரிந்தது அது ஒன்றுதான் என்பது வருத்தம். உண்மையில் அவர் கூச்ச சுபாவம் உள்ளவர், கூட்டம் என்றால் ஒதுங்குவார். நண்பர்களோடு உட்கார்ந்தால் மணிக்கணக்கில் பேசுவார். அந்தப் பேச்சைக் கேட்க வேண்டுமானால் தவித் த்ருயேபாவும் லூயிஸ் அலெக்ரேவும் எடுத்த "ஃபெர்னாந்தோவின் நாற்காலி" (2006) ஆவணப்படம் பாருங்கள். நாற்காலியில் உட்கார்ந்து பேசுகிறார், அவ்வளவுதான் படம். எழுந்திருக்க மனசு வராது.

அவருடைய அரசியல் என்ன?

அராஜகவாதத்தின் மேல் கடைசிவரை பற்று. 2007 நவம்பர் 21-ஆம் தேதி இறந்தார். உடலை அவருடைய சைக்கிள் நாடகம் அரங்கேறிய அதே தியாத்ரோ எஸ்பான்யோலில் வைத்தார்கள், சவப்பெட்டியின் மேல் அராஜகவாதிகளின் சிவப்பு கறுப்புக் கொடி. மாட்ரிட் மாநகராட்சி பிளாசா தெ கொலோனில் உள்ள அரங்கத்துக்கு அவர் பெயரை வைத்தது. அப்பாவைப் பெற்ற பாட்டியின் பெயரில் ஒரு அரங்கம் இருந்த ஊரில் இப்போது பேரன் பெயரிலும் ஒன்று.

குடும்பம்?

1940களில் பாடகி மரியா தொலோரெஸ் பிரதேராவை மணந்தார், இரண்டு பிள்ளைகள், பிறகு பிரிந்தார்கள். நடிகையும் எழுத்தாளருமான எம்மா கோஹன் நீண்டகாலத் துணைவி. 2000-இல் திருமணம் செய்துகொண்டார்கள்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

"பட்டாம்பூச்சிகளின் நாக்கு" எளிதான வாசல். அது பிடித்தால் உடனே "எங்கும் போகாத பயணம்". பழைய கறுப்பு வெள்ளைப் படங்கள் பழக்கம் உள்ளவர்கள் நேராக "விசித்திரப் பயணம்" போகலாம், ராத்திரி பார்த்தால் இன்னும் நல்லது. "உலகம் தொடர்கிறது" படத்தை மனசு கனத்த நாளில் தொட வேண்டாம், அது இன்னும் அழுத்தும். படிக்கிறவர்கள் சைக்கிள் நாடகத்தை முதலில் படித்துவிட்டு அப்புறம் படத்தைப் பாருங்கள். படமும் நல்ல படம்தான், ஆனால் அந்தப் பயறுக் காட்சியை முதல் தடவை வசனமாகப் படிக்கும்போது அடுத்து யார் வாய் திறக்கப் போகிறார்கள் என்று தெரியாது. அந்தப் பதற்றத்தை இழக்க வேண்டாம்.